கடைசி வீட்டு வாசலில் எள்ளும் தண்ணியும்

பாதை உங்களுக்குத் தெரியும். போனிலை போட்டால் அது கூட்டிக்கொண்டு போகும். எந்த வீட்டிலை எந்தத் தலைவர் தங்கினவர், எந்த மண்டபத்திலை எந்தச் சுவாமி பேசினவர் எண்டதெல்லாம் ஆபீஸிலை தந்த தாளிலை இருக்கு. அதைப் பாடமாக்கிறது பெரிய வேலை இல்லை. நான் சொல்ல வந்தது வாசல்களைப் பற்றி. நாங்கள் கூட்டிக்கொண்டு போற சனம் ஒரு வாசலுக்கு முன்னாலை நிண்டு என்ன செய்யும் எண்டு எந்தத் தாளும் சொல்லாது, பிள்ளையள்.

முதல்லை நான் ஆர் எண்டு சொல்லிப்போடுறன். கிழக்கு லண்டனிலை, பிளேஸ்டோவிலை தனிய இருக்கிறன். யாழ்ப்பாணத்திலை இருந்து அகதியா வந்து, பெற்றோல் ஷெட்டிலை ஷிப்ட் அடிச்சு, மினிகாப் எண்ட வாடகைக் கார் ஓடி, கடைசியாத்தான் இந்த வேலைக்கு வந்தனான். இந்தியாவின்ரை விடுதலைக்கெண்டு லண்டனிலை இருந்து யோசிச்ச, சண்டை பிடிச்ச, தியானம் செய்த ஆக்களின்ரை வீடுகளைச் சனத்துக்குக் காட்டி, தமிழிலை கதை சொல்லிக்கொண்டு நடக்கிற சனிக்கிழமை நடை. மனுசி கண்ணை மூடினாப்பிறகு அந்தச் சனிக்கிழமைதான் எனக்கு முழுக் கிழமையும். மற்ற நாளிலை வாய் திறக்கிறதெண்டால் ரீவியோடைதான் கதைக்க வேணும். இப்ப முழங்கால் ஏலாது எண்டிட்டுது, அதாலை உங்களிட்டைத் தந்திட்டு நிக்கிறன்.

வாற சனத்திலை முக்கால்வாசி தமிழ்நாட்டு ஆக்கள். என்ரை தமிழைக் கேட்டவுடனை ஆராவது கேட்பினம், "சார் நீங்க சிலோனா? எங்க சுதந்திரக் கதைய நீங்க எதுக்கு சொல்றீங்க?" எண்டு. கெட்ட எண்ணத்திலை இல்லை, உண்மையாவே அறியிற ஆசையிலைதான் கேட்பினம். நான் முதல்லை எல்லாம் நீட்டி முழக்கி மறுமொழி சொன்னனான். பிறகு விட்டிட்டன். "நாடு கிடைச்ச கதையைக் கேட்க எனக்கும் விருப்பம் ஐயா" எண்டு மட்டும் சொல்லுவன். அதோடை கேள்வி நிக்கும். ஆனால் ஸ்டேசனிலை எல்லாரையும் அனுப்பிப்போட்டுத் தனிய ரெயினிலை இருக்கேக்கை அந்தக் கேள்வி என்னோடை பிளேஸ்டோ வரைக்கும் வரும். உங்களிட்டையும் கேட்பினம். கோவிக்காதேங்கோ.

இனி வாசல் விசயம். எங்கட சனத்துக்கு ஒரு பழக்கம் இருக்கு. பெரிய மனுசன் இருந்த இடம் எண்டு நீங்கள் வாய் திறந்தால் போதும், சப்பாத்தைக் கழட்டிப்போடுவினம். வெள்ளைக்காரன்ரை நடைபாதையிலை சொக்ஸோடை நிண்டு கும்பிடுவினம். அது பரவாயில்லை, ஆருக்கும் கரைச்சல் இல்லை. ஒருக்கா ஒரு அம்மா நான் கதை சொல்லிக்கொண்டு நிக்கேக்கையே ஹாண்ட்பாக்கிலை இருந்து கற்பூரத்தை எடுத்து, சுவாமி ஒருத்தர் தங்கியிருந்த வீட்டு ஜன்னல் கட்டையிலை வைச்சுக் கொளுத்திப்போட்டா. பெயின்ற் பொங்கிப்போச்சு. வீட்டுக்காரர் படம் எடுத்து ஆபீஸுக்கு அனுப்பினார். ஆபீஸிலை என்னைக் கூப்பிட்டு, இன்னொரு முறைப்பாடு வந்தால் தமிழ் நடையையே நிப்பாட்டிப்போடுவம் எண்டு சொல்லிப்போட்டினம். அந்த நாள் தொடக்கம் ஒரு சட்டம் வைச்சனான்: கும்பிடலாம், படம் எடுக்கலாம், ஒருத்தரின்ரை படலைக் கதவைத் தாண்டி உள்ளை கால் வைக்கக்கூடாது, நெருப்போ தண்ணியோ ஒண்டும் கூடாது. அந்தச் சட்டத்தை நான் ஒரேயொரு நாள்தான் மீறினனான். அதைத்தான் சொல்லப்போறன்.

நடையின்ரை கடைசி வீடு உங்களுக்குத் தெரியும். வடக்கு லண்டனிலை, வரிசை வீடுகளுக்கை ஒண்டு. முன்னாலை சின்னச் சீமெந்து முற்றம், குப்பைத் தொட்டி ரெண்டு, லவெண்டர் செடி ஒண்டு. சுவரிலை நினைவுப் பலகை கூட இல்லை. அந்தக் காலத்திலை இந்திய மாணவர்கள் சேர்ந்து வாடகைக்கு இருந்த வீடு எண்டு சொல்லுவினம். ஒரு பக்கம் நாடுதான் தெய்வம் எண்டு சொல்லுறவை. இன்னொரு பக்கம் முதல்லை மனம் விடுதலையாக வேணும், நாடு பிறகு எண்டு கண்ணை மூடிக்கொண்டு இருக்கிறவை. வயித்துக்குச் சோறில்லாதவனுக்குத் தெய்வமென்ன நாடென்ன எண்டு ரெண்டு பேரையும் ஏசுறவை வேறை. எல்லாரும் ஒரே சட்டியிலை பருப்பு அவிச்சுத் திண்டுகொண்டு விடிய விடிய வாதாடுவினமாம்.

அதுக்குள்ளை ஒரு தமிழ்ப் பொடியன். சட்டம் படிக்க வந்து, அரசியலிலை இறங்கினபடியாலை தகப்பன் தலைமுழுகிவிட்டார். குளிருக்குள்ளை நெஞ்சு நோய் பிடிச்சு அந்த வீட்டிலையே கிடந்தான். அவன் சாகப்போறான் எண்டு தெரிஞ்சவுடனை மற்றப் பொடியள், "நாங்கள் உனக்குப் பிள்ளை மாதிரி எள்ளும் தண்ணியும் விட்டுக் கடமை செய்யிறம், யோசியாதை" எண்டு சொன்னவையாம். அவன் ஏலாத குரலிலை, "அடிமைக் கையாலை குடுக்கிற தண்ணி சேராது. இப்ப வேண்டாம். நாடு விடுதலையானாப்பிறகு ஒரு சுதந்திரக் கை குடுக்கட்டும்" எண்டானாம். அவன்ரை பேர் கூட எங்களுக்கு வந்து சேரேல்லை.

இது எங்கையும் எழுதிக் கிடக்கேல்லை. எனக்கு முதல் இந்த நடையைக் கொண்டுபோன வங்காளி அம்மா ஒராள் எனக்குச் சொன்னவ. சொல்லேக்கையே, "உறுதி இல்லாததை உறுதி மாதிரிச் சொல்லாதை, சொல்லாமலும் விடாதை" எண்டு சொல்லித்தான் தந்தவ. அதாலை நான் எப்பவும் 'சொல்லுவினம்' எண்டு போட்டுத்தான் சொல்லுறனான். ஆனால் குரலைத் தாழ்த்தி அந்தக் கடைசி வசனத்தைச் சொல்லி முடிக்கேக்கை சனம் கைதட்டும். நடையும் அதோடை முடியும்.

ஒரு வருசம் மதுரைப் பக்கத்து ஐயா ஒராள் வந்தவர். மின்சார வாரியத்திலை இருந்து ஓய்வு எடுத்தவர். மனுசி இல்லை. மகளும் மருமகனும் இங்கை கம்பியூட்டர் வேலை. ஆறு மாச விசாவிலை கூப்பிட்டு வைச்சிருந்தவை. முதல் கிழமை வந்தார், சரி. அடுத்த கிழமையும் வந்தார். அதுக்கடுத்த கிழமையும் அதே தொப்பி, அதே சுவெற்றரோடை ஸ்டேசன் வாசலிலை நிக்கிறார். "என்னைய்யா, கேட்ட கதைதானே?" எண்டன்.

"ஆமா சார். காலைல ரெண்டு பேரும் லேப்டாப்ப தூக்கிட்டுப் போயிடுறாங்க. சாயங்காலம் வந்தா அசதி. அவங்களக் குத்தம் சொல்ல முடியாது. ஆனா நாள் பூரா ஃப்ரிட்ஜ் சத்தந்தான் கேக்குது. இங்க வந்தா நாலு வார்த்த தமிழ் காதுல விழுது" எண்டார்.

அண்டைக்குப் பிறகு நடை முடிய நாங்கள் ரெண்டு பேரும் ஸ்டேசனுக்குப் பக்கத்துக் கடையிலை தேத்தண்ணி குடிக்கத் தொடங்கினம். அவர் தன்ரை மனுசியைப் பற்றிக் கதைப்பார். நான் என்ரை தம்பியைப் பற்றிக் கதைச்சிருக்கிறன். நான் அவனைப் பற்றி வேறை ஆரோடையும் கதைக்கிறேல்லை. ஊரிலை சண்டை நேரம், போயிட்டு வாறன் எண்டு சைக்கிளிலை போனவன், இண்டுவரைக்கும் வரேல்லை. அவ்வளவுதான் கதை. ஐயா அதைக் கேட்டுப்போட்டுத் தன்ரை பிஸ்கற்றை என்ரை பக்கம் தள்ளிவிட்டார்.

அவர் ஊருக்குப் போற நாள் கிட்டின நேரம் ஒருக்கா, தேத்தண்ணிக் கடையிலை திடீரெண்டு கேட்டார். "சார், அந்தப் பையன் நாடு விடுதலையானப்புறம் குடுக்கட்டும்னு சொன்னான்ல. விடுதலையாகி எவ்வளவு காலமாச்சு. யாராச்சும் குடுத்தாங்களா?"

அந்த வசனத்தை எத்தனை சனிக்கிழமை சொல்லியிருப்பன். கைதட்டினவை ஒருத்தரும் கேட்காத கேள்வி. "அது அறியக்கூடிய விசயம் இல்லை ஐயா" எண்டன்.

"குடுத்திருக்க மாட்டாங்க. அப்பன் தலமுழுகிட்டாரு, பேரும் தெரியல, யாரு குடுப்பா? வர்ற சனிக்கெழம ஆடி அமாவாசை. நானே எங்கப்பாவுக்கு எள்ளுந்தண்ணியும் விடணும். அப்படியே அந்த வாசல்ல அவனுக்கும் விட்டுர்றேன். அடுத்த வாரம் பிளைட்டு. இத விட்டா எனக்கு வேற நாளு கெடையாது."

தெற்கு லண்டனிலை, லூயிஷாமிலை கோயில் இருக்கு, அங்கை ஐயர் வடிவாச் செய்து தருவார், நானும் அங்கைதான் அப்பாவுக்குச் செய்யிறனான், கூட்டிக்கொண்டு போறன் எண்டு எவ்வளவோ சொல்லிப் பார்த்தன்.

"எங்கப்பாவுக்கு எங்க வேணா குடுக்கலாம் சார். அந்தப் பையன் கோயில்லயா செத்தான்?"

கற்பூரக் கதையைச் சொன்னன். முறைப்பாடு வந்தால் நடை நிண்டுபோம், நடை நிண்டால் எனக்குக் கதைக்க ஆக்களே இல்லை எண்டு உள்ளதைச் சொன்னன். அவர் தலையை ஆட்டினார். "புரியுது சார். அப்ப வேணாம்" எண்டார். கோவமே இல்லை. அது எனக்கு இன்னும் அந்தரமாப் போச்சு.

சனிக்கிழமை வந்தார். கையிலை துணிப்பை ஒண்டு. நான் பார்த்தன், கேட்கேல்லை. அவரும் சொல்லேல்லை. நல்ல வெயில். வழி முழுக்க நான் கதை சொல்லுறன், கண் அந்தப் பையிலைதான் நிக்குது. கடைசி வீட்டிலை வந்து நிண்டு, பொடியன்ரை கதையைச் சொல்லி, "ஒரு சுதந்திரக் கை குடுக்கட்டும்" எண்டு முடிச்சன். சனம் கைதட்டுது. ஐயா தட்டேல்லை. செருப்பைக் கழட்டினார், படலையைத் திறந்தார், குப்பைத் தொட்டிக்குப் பக்கத்திலை தெற்குப் பார்த்துக் குந்தினார். பையிலை இருந்து செம்பு, எள்ளுப் பொட்டலம், தர்ப்பை எல்லாம் வெளியாலை வருது.

பின்னாலை சனத்துக்குள்ளை வாக்குவாதம் தொடங்கிட்டுது. சென்னைப் பொடியன் ஒருத்தன், "சார், அந்த மாணவர் ஒரு போராளி. செத்தப்புறமும் அவரச் சடங்குக்குள்ள இழுத்துட்டு வராதீங்க. அவர் அரசியல்தான் பேசினார்" எண்டான். ஒரு அம்மா, "தண்ணி வேணும்னு கேட்டதே அவருதானேப்பா. ஆன்மீகம் இல்லாம இதுல என்ன அரசியல்?" எண்டா. ரெண்டு பேரும் என்னைப் பார்க்கினம். அந்த வீட்டுக்குள்ளை அந்தக் காலத்திலை நடந்த சண்டை இப்ப குப்பைத் தொட்டியடியிலை நடக்குது. எனக்கு அதுக்கு நேரமில்லை. நான் கதவைத்தான் பார்த்துக்கொண்டு நிண்டன்.

கதவு திறந்தது. வயசான வெள்ளைக்காரி ஒருத்தி, வீட்டுச் செருப்போடை. "என்ரை முற்றத்திலை என்ன நடக்குது?" எண்டு கேட்டா.

இந்த இடத்தைத்தான் நீங்கள் கவனிக்க வேணும். ஒரு பொய் வாயிலை வந்து நிண்டுது. வயசாளி, தலை சுத்துது, கொஞ்சம் இருந்திட்டுப் போகட்டும் எண்டு சொல்லியிருக்கலாம். அவவே தண்ணி கொண்டுவந்து தந்திருப்பா. முறைப்பாடும் வராது, நடையும் தப்பும். ஐயாவுக்கு இங்கிலீஷ் மட்டுமட்டு, நான் என்ன சொல்லுறன் எண்டு விளங்காது. ஆனால் குந்தின இடத்திலை இருந்து அவர் என்ரை முகத்தையே பார்த்துக்கொண்டு இருந்தார். அந்தப் பொடியனுக்கெண்டு விடுற தண்ணியைப் பொய் சொல்லி விடுறதோ எண்டு எனக்கு மனம் கேட்கேல்லை.

சொன்னன். "உங்கட வீட்டிலை முந்தி இந்திய மாணவர்கள் இருந்தவை எண்டு சொல்லுவினம். அதிலை ஒரு பொடியன் இங்கையே செத்துப்போனான் எண்டும் சொல்லுவினம். அவனுக்குச் செய்ய வேண்டிய கடமையை ஒருத்தரும் செய்யேல்லை. இவர் இந்தியாவிலை இருந்து வந்தவர், செய்யப் பார்க்கிறார். கொஞ்சத் தண்ணியும் எள்ளும்தான். நெருப்பில்லை. உங்களைக் கேட்காமல் உள்ளை வந்தது பிழை."

அவ திரும்பி வீட்டுக்குள்ளை பார்த்தா. பிறகு, "எந்த அறையிலை?" எண்டா.

அதை நான் யோசிக்கவே இல்லை. குடியிருக்கிற ஆளிட்டை உன்ரை வீட்டிலை ஒருத்தன் செத்தவன் எண்டு சொல்லுறது எவ்வளவு பெரிய விசயம், பாருங்கோ. வழிகாட்டியளுக்கு அறை காட்டுறது கைவந்த கலை, மேல்மாடி பின்னறை எண்டு கண்ணை மூடிக்கொண்டு சொல்லலாம். "தெரியாது அம்மா. அவன் இருந்ததுக்கே என்னட்டை வாய்ச்சொல்தான் இருக்கு" எண்டன்.

"நான் மேலை பின்னறையிலைதான் படுக்கிறன்" எண்டா அவ. "மனுசன் போனாப்பிறகு தனியத்தான். என்னோடை இன்னொருத்தன் இருக்கிறான் எண்டு ஒருத்தரும் எனக்குச் சொல்லேல்லை." சிரிக்கிறாவோ பயப்பிடுறாவோ எண்டு எனக்கு விளங்கேல்லை. பிறகு கையைக் கட்டிக்கொண்டு கதவு நிலையிலை சாய்ஞ்சா. "செய்யிறதெண்டால் ஒழுங்காச் செய்யச் சொல்லுங்கோ. அரைகுறையா விட்டிட்டுப் போகக்கூடாது."

நான் ஐயாவுக்குச் சொன்னன். அவர் எழும்பி அவவைக் கும்பிட்டுப்போட்டுத் திரும்பக் குந்தினார். முதல்லை தன்ரை தகப்பனுக்கு. பிறகு உள்ளங்கையிலை எள்ளை வைச்சு, தண்ணியை வார்த்து, பெருவிரலுக்குப் பக்கத்தாலை வழியவிட்டார். "பேர் தெரியாதுப்பா. நீ சொன்ன மாதிரி நாடு வந்துருச்சு. வந்து ரொம்ப நாளாச்சு. சொல்ல லேட்டாயிருச்சு, மன்னிச்சுக்க" எண்டார். மந்திரம் மாதிரி இல்லை, பக்கத்து வீட்டுப் பொடியனோடை கதைக்கிற மாதிரித்தான் சொன்னார். தண்ணி சீமெந்து வெடிப்புக்குள்ளாலை ஓடி லவெண்டர் அடியிலை போய் நிண்டுது. சென்னைப் பொடியன் போனைப் பொக்கற்றுக்குள்ளை வைச்சிட்டான்.

நான் முடிஞ்சுது எண்டு நினைச்சன். ஐயா என்னைத் திரும்பிப் பார்த்தார். "சார் வாங்க. உங்களுக்கும் அப்பா இல்லைல்ல. இன்னைக்குத்தானே அதுக்கு நாள்." முழங்காலைப் பிடிச்சுக்கொண்டு பக்கத்திலை இருந்தன். அப்பாவுக்கு விட்டன். அவர் செம்பைச் சரிச்சபடியே, ஒருத்தருக்கும் கேளாமல், "தம்பிக்கு?" எண்டார்.

எங்கட அம்மா கண்மூடும் வரைக்கும் தம்பிக்கு ஒரு கை தண்ணி விட ஒருத்தரையும் விடேல்லை. தண்ணி குடுத்தால் நாங்களே அவனை முடிச்ச மாதிரி எண்டு சொல்லுவா. அம்மாவும் போயிட்டா. இப்ப அவனுக்காகக் காத்திருக்கிற ஆள் உலகத்திலை நான் ஒருத்தன்தான். என்ரை கையை நீட்டினால் அந்தக் காத்திருப்பும் முடிஞ்சுபோம். நான் கையை மூடிக்கொண்டன். "இப்ப வேண்டாம் ஐயா" எண்டன்.

சொன்னாப்பிறகுதான் என்ரை காதுக்கே அது கேட்டுது. எத்தனை சனிக்கிழமை அந்தப் பொடியன்ரை குரலிலை நான் சொல்லிக் கைதட்டு வாங்கின சொல்லு. அது வீரம் எண்டுதான் நான் அவ்வளவு நாளும் நினைச்சுக்கொண்டிருந்தனான். எவ்வளவு தனிச்சுப்போன ஒருத்தன் சொல்லுற சொல்லு எண்டு அண்டைக்குத்தான் விளங்கிச்சு. எனக்கு அழுகை வந்திட்டுது, குப்பைத் தொட்டிக்குப் பக்கத்திலை, அவ்வளவு சனத்துக்கு முன்னாலை.

ஐயா வற்புறுத்தேல்லை. மிச்ச எள்ளைப் பொட்டலமா மடிச்சு, என்ரை சேட்டுப் பொக்கற்றுக்குள்ளை வைச்சார். "வச்சுக்கங்க. அந்தப் பையனுக்கு வருஷா வருஷம் குடுக்கணும், நான் ஊர்ல இருப்பேன். இனி நீங்கதான்" எண்டார். அடுத்த கிழமை அவர் ஊருக்குப் போயிட்டார். இப்பவும் சனிக்கிழமையிலை குரல் மெசேஜ் வரும், "இன்னைக்கு எத்தன பேரு சார்?" எண்டு.

முறைப்பாடு வரேல்லை. அதாலை நான் செய்தது சரி எண்டு எடுத்துக்கொள்ளாதேங்கோ. வந்திருந்தாலும் நான் அதைத்தான் சொல்லியிருப்பன் எண்டு இப்ப சொல்லுறது சுகம். நான் சொல்லுறது இவ்வளவுதான்: ஒருத்தரின்ரை வாசலிலை அந்தரப்பட்டு நிக்கேக்கை தெரிஞ்சதைச் சொல்லுங்கோ, தெரியாததைத் தெரியாது எண்டு சொல்லுங்கோ. மிச்சத்தைக் கதவு திறந்தவை முடிவெடுக்கட்டும். அடுத்தது, அந்தக் கதையை இனி கைதட்டுக்கு முடிக்காதேங்கோ. மதுரையிலை இருந்து ஒராள் வந்து குடுத்திட்டுப் போனார், அவனுக்குச் செய்தி சொல்லியாச்சு எண்டு முடியுங்கோ.

ஆடி அமாவாசைக்கு நீங்கள் அந்த வாசலுக்கு வரேக்கை குப்பைத் தொட்டியடியிலை ஒரு கிழவன் குந்தியிருப்பான். அது நான்தான். வீட்டுக்கார மனுசி படலையைத் திறந்து வைச்சிருப்பா, சனத்தை வெளியிலை நிப்பாட்டுங்கோ. பொடியனுக்கும் அப்பாவுக்கும் விட்டுப்போட்டு எழும்புவன். பொட்டலத்திலை அதுக்குப் பிறகும் ஒரு கை எள்ளு மிச்சம் இருக்கும். அதை ஆருக்கு வைச்சிருக்கிறன் எண்டு ஒருத்தரும் என்னட்டைக் கேட்காதேங்கோ, பிள்ளையள்.